விசா இல்லாமல் வந்த காகம்

1

ஊரிலிருந்து இதை வாசிக்கிறவர்கள் முதலில் சிரிப்பீர்கள். ஒரு காகத்தைப் பற்றி எழுத இத்தனை தாள் வேண்டுமா என்று கேட்பீர்கள். கல்முனைச் சந்தையில் மீன் பையோடு வருகிறவர்கள் கையை ஓங்கி விரட்டுகிற பிராணி அது. நானும் விரட்டியிருக்கிறேன். ஆனால் ஏழு வருஷம் அந்தக் குரலைக் கேட்காமல் இருந்து பாருங்கள், பிறகு சொல்லுங்கள்.

நாங்கள் இருப்பது மேற்கு ஆஸ்திரேலியாவில், துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு தெருவில். என் கணவர் ஜெமீல் கப்பல் இயந்திரங்கள் திருத்தும் பட்டறையில் வேலை செய்கிறார். நான் ஒரு பாடசாலைச் சிற்றுண்டிச்சாலையில் சாண்ட்விச் செய்கிறேன். கல்முனையில் நான் விஞ்ஞான ஆசிரியை. அந்தச் சான்றிதழை இங்கே மூன்று காரியாலயங்கள் வாங்கிப் பார்த்தன. மூன்றும், தாள் நல்ல தாள்தான் என்பது போலத் தடவிப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தன.

இங்கேயும் காகம் போல ஒன்று உண்டு. உடம்பு முழுக்கக் கறுப்பு, கண் மட்டும் வெள்ளை. அது கரைவதில்லை, அழும். பச்சைக் குழந்தை பசியில் இழுத்து இழுத்து அழுவது போலவே இருக்கும். வந்த முதல் வாரம், யாரோ பிள்ளையைப் போட்டுவிட்டுப் போய்விட்டார்கள் என்று நினைத்து நான் தெருவுக்கு ஓடியிருக்கிறேன்.

அன்று சனிக்கிழமை காலை. பின்வளவுக் குழாயடியில் குந்தியிருந்து மீன் கழுவிக்கொண்டிருந்தேன். தலைக்கு மேலே,

“கா!”

கையிலிருந்த கத்தி கீழே விழுந்தது. உடுப்புக் காயப்போடும் கொடி இங்கே குடை மாதிரி, காற்றில் சுழலும். அதன் கம்பியில் உட்கார்ந்திருந்தது. சாம்பல் கழுத்து, சாய்ந்த தலை, என்னை அளவெடுக்கும் அந்தக் கண். காற்று கொடியைச் சுழற்ற, அதுவும் ராட்டினத்தில் ஏறிய பிள்ளை போல ஒரு சுற்றுச் சுற்றி வந்து, மறுபடியும் என் முகத்தைப் பார்த்து, “கா!” என்றது.

எங்கள் பக்கத்தில் பெண்களைக் கூப்பிடும்போது “கா” போட்டுத்தானே கதைப்போம். என்னகா, வாகா, இரிகா. அந்தக் காலையில் என்னை ஒருவர் கூப்பிட்டது போலத்தான் இருந்தது.

“இஞ்சப் பாருங்க! ஓடி வாங்க!” என்று கத்தினேன்.

ஜெமீல் சவர நுரையோடு வந்தார். பார்த்தார். நுரை வழிந்து சட்டையில் விழுவதும் தெரியாமல் நின்றார்.

“சுபஹானல்லாஹ். இது எங்கட காகந்தானே?” என்றார். “இவ்வளவு கடலையும் தாண்டி எப்பிடி வந்திரிக்கும்?”

2

அவர் அதிசயப்பட்டதற்குக் காரணம் உண்டு. எழுபத்தெட்டாம் ஆண்டுச் சூறாவளியை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். ஷிபானாவுக்கு அப்போது ஒரு வயது. சாய்ந்தமருதில் எங்கள் வீட்டுக் கூரை போன பிறகு, அவளைச் சீலையில் சுற்றி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, சுவர் மூலையில் இருந்தேன். விடிந்து வெளியே வந்தால், தென்னை மரங்கள் எல்லாம் ஒரே பக்கம் தலைவைத்துப் படுத்துக் கிடந்தன. கடற்கரையில் மணலை மூடி, கறுப்புத் துணி விரித்தது போலக் காகங்கள் செத்துக் கிடந்தன.

அதற்குப் பிறகு சில நாட்கள் ஊரில் காகச் சத்தமே இல்லை. மீன் குடல் கிடந்த இடத்திலேயே கிடந்து நாறியது. கரைவலை இழுக்கிறவர்கள் கூட, அண்ணாந்து பார்த்துவிட்டு, ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு ஒரு பகல், முறிந்த பனை ஒன்றின் நுனியில் ஒரே ஒரு காகம் வந்திருந்து கரைந்தது. தகரம் அடித்துக்கொண்டிருந்த ஆண்கள் சுத்தியலைக் கீழே வைத்தார்கள். எங்கே இருந்து அது தப்பியது, என்னத்தைப் பிடித்துக்கொண்டு அந்தக் காற்றைத் தாண்டியது? எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை.

ஜெமீலின் பட்டறைக் கூரையைக் காற்று ஆற்றுக்குள் கொண்டுபோய்ப் போட்டது. வள்ளங்களே இல்லாத இடத்தில் வள்ள இயந்திரம் திருத்துகிறவனுக்கு என்ன வேலை? மறு வருஷம், தெரிந்த கப்பல்காரர் ஒருவர் எழுதிய கடிதத்தைப் பிடித்துக்கொண்டு இங்கே வந்து சேர்ந்தோம்.

3

ஷிபானாவுக்கு இப்போது ஒன்பது வயது. பாடசாலையில் அவள் பெயர் ‘ஷிப்’. அது கப்பலைச் சொல்லும் சொல் என்று அவளுக்குத் தெரியும், அதில் அவளுக்குப் பெருமை.

தமிழ் அவளுக்கு விளங்கும். ஆனால் வாயால் வராது. நான் தமிழில் கேட்பேன், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். அதற்கு நானும் ஒரு காரணம். அவளைப் பாலர் வகுப்பில் சேர்த்த புதிதில் ஒரு ஆசிரியை என்னைக் கூப்பிட்டு, வீட்டிலும் ஆங்கிலமே கதையுங்கள், இல்லாவிட்டால் பிள்ளை பின்தங்கும் என்றார். நானும் ஓம் என்று தலையாட்டிவிட்டு வந்து, தமிழைக் குறைத்தேன். என் ஆங்கிலமோ, “எப்படிப் போகிறாய்?” என்று இங்கே சுகம் விசாரித்தால், “பஸ்ஸில்” என்று பதில் சொன்ன ஆங்கிலம். அதைக் கொண்டு பிள்ளைக்கு என்னத்தைக் கதைப்பது? சாப்பிடு, தூங்கு, கையைக் கழுவு. இத்தனை வருஷமும் இப்படியே போயிற்று.

காகம் வந்த நாலாம் நாள் பின்னேரம், வேலையிலிருந்து வந்தேன். பின்வளவில் யாரோ கதைக்கும் சத்தம். சமையலறைச் சன்னலால் எட்டிப் பார்த்தேன். ஷிபானா எலுமிச்சை மரத்தடியில், மடியில் சோற்றுத் தட்டோடு இருந்தாள். காகம் அவளுடைய சப்பாத்துக்கு முன்னால் நின்றது.

“நீ கப்பல்லயா வந்த?” என்று கேட்டாள். தமிழில்.

காகம் ஒரு மீன் துண்டை எடுத்துக்கொண்டு பின்னால் துள்ளியது.

“பயந்தயா? ராவெல்லாம் இருட்டா இரிந்ததா? உன்ட உம்மா எங்க?”

சொற்களுக்கு இடையில் நின்று, தேடித் தேடி எடுத்து, ஒவ்வொன்றாக வைத்தாள். அவளிடம் இத்தனை சொற்கள் இருந்தன என்றே எனக்குத் தெரியாது. நான் கதைத்ததெல்லாம் எங்கேயோ போய் விழுந்துவிட்டது என்று நினைத்திருந்தேன். அதெல்லாம் உள்ளே பத்திரமாகக் கிடந்திருக்கிறது.

உள்ளே வந்தபோது கேட்டேன், “ஏன் மகள் காகத்தோட தமிழ்ல கதைச்ச?”

என்ன விசர்க் கேள்வி என்பது போலப் பார்த்தாள். “அதுக்கு இங்கிலீஷ் தெரியாதே உம்மா.”

4

அடுத்த வாரம் ஒரு அரசாங்க ஆள் வந்தார். கிரஹம் என்று பெயர் சொன்னார். வெயிலில் சிவந்து உரிந்த மூக்கு, கழுத்தில் தொலைநோக்கி, கையில் ஒரு தாள். தாளில் எங்கள் காகத்தின் படம்.

கப்பல்களில் ஏறி இந்தப் பறவை வருகிறதாம். பெருகிவிட்டால் இந்த நாட்டுக் குருவிகளின் முட்டைகளையும் தோட்டப் பழங்களையும் அழித்துவிடுமாம். கண்டால் அறிவிக்க வேண்டும் என்றார். அறிவித்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். அவர் தாளைப் பார்த்துக்கொண்டு, சுடுவோம் என்றார்.

“பார்த்தீர்களா?”

“இல்லை” என்றேன்.

என் வாயிலிருந்து அவ்வளவு சுத்தமான ஆங்கிலம் அதற்கு முன் வந்ததில்லை.

ஜெமீல் பின்னேரம் வந்து கேட்டபோது, என்னோடு சத்தம் போட்டார். எங்கள் குடியுரிமை நேர்முகத்துக்கு இன்னும் மூன்று கிழமைதான் இருந்தது. இரண்டு வருஷமாக நிரப்பிய படிவங்கள். பிறந்த ஊர், வந்த வழி, வந்த நோக்கம், நன்னடத்தைக்குச் சாட்சி.

“ஒரு காகத்துக்காக எங்கட பேப்பரெல்லாத்தையும் கிழிச்சிப் போடுவாங்க, தெரியுமா?” என்றார். “அரசாங்க ஆளுக்கிட்டப் பொய் சொன்னவ எண்டு எழுதிட்டா?”

“அந்தக் காகத்தைச் சுடுவாங்களாம்.”

“சுட்டா என்ன? ஊர்ல எவ்வளவு காகம் சாகுது!”

“ஊர்ல சாகட்டும். இஞ்ச ஒண்டுதானே இரிக்கி” என்றேன். “அதோட மட்டுந்தான் உங்கட மகள் தமிழ்ல கதைக்கிறாள். போய்க் கேட்டுப் பாருங்க.”

அவர் சன்னலடிக்குப் போனார். வெகுநேரம் அங்கேயே நின்றார். திரும்பி வந்து, சோறு போடு என்று மட்டும் சொன்னார். அதற்குப் பிறகு காகத்தைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லை. ஆனால் மீன் வாங்கும்போது ஒன்று கூடுதலாக வாங்கி வந்தார்.

5

டொரீன் என்னோடு சிற்றுண்டிச்சாலையில் வேலை செய்கிறவள். என் வயதுதான். இந்த மண்ணின் ஆதிக்குடிப் பெண். ஞாயிற்றுக்கிழமைகளில் என் மீன் கறிக்காக வருவாள். அவளிடம் எதையும் மறைக்கத் தோன்றாது. காகத்தைக் காட்டினேன்.

இடுப்பில் கைவைத்துக்கொண்டு அதைச் சுற்றிச் சுற்றி வந்தாள். “எங்கள் கறுப்புக் காகத்தை எங்கள் பாஷையில் வார்டாங் என்போம். எங்கள் அம்மாவின் வழி அந்தக் காகத்தின் குடி. இவன் தூரத்துச் சொந்தம் போலிருக்கிறது” என்று சிரித்தாள். நாங்கள் இருவரும் எப்போதும் ஆங்கிலத்தில்தான் கதைப்போம். இங்கே தமிழில் எழுதுகிறேன்.

சாப்பிட்டபடியே அவள் தாயைப் பற்றிச் சொன்னாள். சின்னப் பிள்ளையாக இருந்த அந்தத் தாயை, பெற்றவர்களிடமிருந்து அரசாங்க ஆட்கள் பிடித்துக்கொண்டுபோய் ஒரு விடுதியில் போட்டார்களாம். சொந்தப் பாஷை பேசினால் அடி. புதுப் பெயர் வைத்தார்களாம். பெரிய பிள்ளையானதும், கைக்குழந்தைகளைத் தூங்கவைக்கும் வேலை தாய்க்குக் கிடைத்தது. குழந்தைகள் வீரிட்டு அழும்போது மட்டும், அந்த அழுகைக்குள்ளே தன் பாஷையைப் பேசிக்கொள்வாளாம். அந்தச் சத்தத்தில் மேற்பார்வைக்காரிக்கு எதுவும் கேட்காது.

“அப்படித்தான் எனக்கும் ஒரு கைப்பிடிச் சொற்கள் வந்து சேர்ந்தன” என்றாள் டொரீன்.

ஷிபானா சோற்றுக் கோப்பையில் கை வைத்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு எழுந்து காகத்திடம் போய்விட்டாள். நாங்கள் தேநீரோடு மரத்தடிக்குப் போனபோது, அவள் அதற்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தாள்.

“என்ன சொல்கிறாள்?” என்றாள் டொரீன்.

நான் ஒவ்வொரு வரியாக ஆங்கிலத்தில் சொல்லத் தொடங்கினேன்.

“ஒரு ஊர்ல கங்காரு இரிந்த, ஈமு இரிந்த, கறுப்புக் காகம் இரிந்த. எல்லாருக்கும் வேற வேற சத்தம். மறுகா ஒரு கப்பல் வந்த. கப்பல் நிறைய முசல். முசல் சொன்ன, இந்தப் புல்லுல ஒருத்தர்ட பேரும் எழுதல்ல, அப்ப இது எங்கட புல்லு.”

“கங்காரு சும்மா இருந்ததா என்று கேள்” என்றாள் டொரீன்.

கேட்டேன்.

“புல்லுல பேர் எழுதினா புல்லு செத்துப்போகும் எண்டு கங்காரு சொன்ன. முசலுக்கு அது விளங்கல்ல. முசல் எல்லாருக்கும் புதுப் பேர் வெச்ச. கங்காரு பெரிய முசல். ஈமு நெட்ட முசல். காகம் ஊத்த முசல்.”

டொரீன் வாய்விட்டுச் சிரித்தாள். கடைசிப் பெயரை, அழுக்கு முயல் என்று, நான் மொழிபெயர்த்ததும் சிரிப்பு நின்றது.

“முசலுக்குச் சத்தம் இல்லத்தானே உம்மா? அதனால, சத்தம் போடுறது கெட்ட பழக்கம் எண்டு சட்டம் போட்ட. எல்லார்ட புள்ளைகளையும் வரிசையா இரிக்கவெச்சி, சத்தமில்லாம இரிக்கப் படிச்சிக் குடுத்த. கங்காரு மறந்து போன. ஈமு மறந்து போன. காகத்துட உம்மா மட்டும் யோசிச்ச, என்ட சத்தத்த எங்க ஒளிச்சி வெக்கிற?”

அவள் காகத்தின் பக்கம் குனிந்து, குரலைத் தாழ்த்தினாள்.

“குழந்தைப் புள்ள அழுதா ஆரும் ஏசமாட்டாங்கதானே. அதனால அழுகைக்குள்ள ஒளிச்சி வெச்ச. இப்பயும் பாரு, வயசான காகமும் குழந்தை மாதிரி அழும். முசல் நினைக்கும், பாவம் புள்ளைக்குப் பசி எண்டு. ஆனா அது அழல்ல. அது கதைக்கிற.”

நான் மொழிபெயர்த்து முடிக்கவில்லை. டொரீன் என் கையைப் பிடித்து நிறுத்தினாள். அடுத்த வளவு யூகலிப்டஸ் மரத்தில் கறுப்புக் காகம் ஒன்று அந்த நேரம் இழுத்து அழுதது. வந்த நாள் முதல் எனக்குப் பழகிய சத்தம்தான். அன்றைக்குத்தான் அதைக் கேட்டேன். மூவரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டே நின்றோம்.

“இதை யார் இவளுக்குச் சொல்லிக் கொடுத்தார்கள்?” என்றாள் டொரீன்.

“உன் தாயின் கதையைக் கேட்டுக்கொண்டிருந்தாள். மிச்சமெல்லாம் அவளே கட்டியது.”

கண்ணைத் துடைத்துக்கொண்டு டொரீன் இன்னொன்றும் சொன்னாள். பறவைக்காரர் கிரஹம் சொன்னதை நான் அவளிடம் சொல்லியிருந்தேன். “அது பொய்யில்லை, றஹீமா. வெள்ளைக்காரர் கப்பலில் கொண்டுவந்த முயலும் ஒன்றிரண்டாக இருந்தபோது யாருக்கும் கெடுதல் செய்யவில்லை. பெருகியபோதுதான் எங்கள் மண்ணைத் தின்றது. இவன் ஜோடி சேர்ந்தால் எங்கள் குருவிகளின் கூடுகள் என்னவாகும்?”

அவள் இதை ஆங்கிலத்தில் சொன்னதால் ஷிபானாவுக்கு நேரடியாக விளங்கிவிட்டது. காகத்தைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

“உம்மா, அப்ப எங்கட காகமும் முசலா?”

எங்களைப் பற்றியும் சேர்த்தே அவள் கேட்டது போல இருந்தது. டொரீன்தான் அவளைப் பக்கத்தில் இழுத்து அணைத்துக்கொண்டாள்.

“கேட்டுவிட்டு வருகிறவர்கள் முயல் இல்லை” என்றாள். “ஆனால் காகத்துக்குக் கேட்கத் தெரியாதே.”

6

ஷிபானா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் தகப்பனிடம் போய், “வாப்பா, பறவைக்காரருக்கு டெலிபோன் பண்ணுங்க” என்றாள். “சுட வேணாம் எண்டு சொல்லுங்க. நான் கூப்பிட்டா அது வரும். கூட்டில வெச்சா முட்டை தின்னாதுதானே.”

ஜெமீல் தொலைபேசியை எடுத்துவிட்டு மறுபடி வைத்தார். நேர்முகத்துக்கு இன்னும் ஒரு கிழமைதான் இருந்தது. எனக்கு அது தெரியும், அவருக்கும் தெரியும். மகள் முகத்தைப் பார்த்தார். “நீ எங்கள எல்லாம் பெரிய ஆளாக்கிடுவாய் போல இரிக்கி மகள்” என்று சொல்லி, எண்ணைச் சுழற்றினார்.

கிரஹம் ஒரு கம்பிக் கூட்டோடு வந்தார். அன்று பொய் சொல்லிவிட்டேன் என்று நானே முன்வந்து சொன்னேன்.

“தெரியும்” என்றார். “உங்கள் உடுப்புக் கொடியின் கீழே எச்சம் கிடந்தது. தெரு முனையில் காரை நிறுத்தி இரண்டு காலை அவனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கப்பல் தளத்தில் மழைத்தண்ணீரைக் குடித்துக்கொண்டு, யாரோ போடும் மிச்சத்தைத் தின்றுகொண்டு இவ்வளவு தூரம் வந்த பறவை. துப்பாக்கியைத் தூக்க எனக்கும் மனம் வரவில்லை.” விலங்குக் காட்சிச்சாலை ஒன்றில் இடம் கேட்டிருப்பதாகவும், ஒற்றைப் பறவை என்றால் வைத்துக்கொள்வதாகச் சொல்லியிருக்கிறார்கள் என்றும் சொன்னார்.

எங்களைச் சன்னலுக்குப் பின்னால் நிற்கச் சொன்னாள் ஷிபானா. கூட்டின் கதவைத் திறந்துவைத்து, உள்ளே சோறும் மீனும் போட்டாள்.

“வாகா” என்றாள். “வா. இஞ்ச வா. பயப்படாத.”

காகம் கொடியிலிருந்து பார்த்தது. இறங்கியது. கூட்டு வாசலில் நின்று அவள் முகத்தைப் பார்த்தது. போய்விடு, பறந்துவிடு என்று என் மனதில் ஒரு பாதி கத்தியது. அது உள்ளே காலெடுத்து வைத்தது. ஷிபானா கதவை மெதுவாகச் சாத்தினாள். அதன்பிறகுதான் அழுதாள், கம்பியில் நெற்றியை வைத்து, சத்தமாக.

கிரஹம் தொப்பியைக் கழற்றி நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு ஒரு படிவம் நிரப்பினார். பிறந்த நாடு, வந்த வழி, வந்த நோக்கம். கடைசிக் கேள்விக்கு என்ன எழுதுவது என்று எங்களைக் கேட்டார். ஜெமீல், “எங்களுக்கு எழுதினதையே எழுதுங்கள், பிழைக்க வந்தது என்று” என்றார். எங்கள் நேர்முகத்தில் காகத்தைப் பற்றி யாரும் கேட்கவில்லை. குடியுரிமைக் கடிதம் இரண்டு மாதத்தில் வந்தது.

7

காட்சிச்சாலையில் காகம் சாப்பிட மறுத்தது. இரண்டாம் கிழமை அங்கிருந்து அழைப்பு வந்தது. சனிக்கிழமை போனோம். பராமரிப்பாளர் ஒரு இளம்பெண், மேகன் என்று பெயர். மண்ணிறத் தலைமயிரைக் கட்டையாக வெட்டியிருந்தாள். எதைக் கொடுத்தாலும் முதுகைக் காட்டிக்கொண்டு இருக்கிறது என்று கவலைப்பட்டாள்.

ஷிபானா கம்பியருகில் போய், “வா, சாப்பிடு” என்றாள். காகம் திரும்பியது. ஒரே துள்ளலில் வந்து அவள் விரலிலிருந்து எடுத்தது.

மேகன் வாயில் கைவைத்தாள். “என்ன சொன்னாய்? எனக்கும் சொல்லித்தா.”

“வா.”

“வா.”

“சாப்பிடு.”

“சாப்புடூ.”

“இல்லை” என்றாள் ஷிபானா, ஒரு வாத்தியாரின் கண்டிப்போடு. “கடைசியில் இழுக்கக் கூடாது. சாப்பிடு.”

மேகன் சொன்னாள். அவள் திருத்தினாள். மறுபடி சொன்னாள். மறுபடி திருத்தினாள். காட்சிச்சாலைச் சீருடை போட்ட ஒரு வெள்ளைக்காரப் பெண், என் மகளின் வாயசைவைப் பார்த்துப் பார்த்து, முகத்தைக் கோணிக்கொண்டு, எங்கள் பாஷையைச் சொல்லிப் பழகினாள். ஜெமீல் என் தோளைத் தொட்டார்.

ஆறாம் தடவையோ ஏழாம் தடவையோ, காகம் மேகனின் விரலிலிருந்தும் ஒரு துண்டை எடுத்தது. அவள் சின்னப் பிள்ளை போலக் குதித்தாள். மற்றப் பராமரிப்பாளர்களுக்கும் தெரியவேண்டும் என்று பையிலிருந்து குறிப்புப் புத்தகத்தை எடுத்து, ஆங்கில எழுத்தில் அந்தச் சொற்களை எழுதத் தொடங்கினாள்.

ஷிபானா எட்டிப் பார்த்தாள். அவளுக்குப் பிடிக்கவில்லை.

“அப்படி எழுதினால் பிழையாகத்தான் சொல்வார்கள். தாருங்கள், நான் எங்கள் எழுத்தில் எழுதித் தருகிறேன்” என்று பேனையை வாங்கினாள். தாளின் மேலே பேனையை வைத்தாள். அப்படியே நின்றாள். காது சிவந்தது.

பிறகு புத்தகத்தையும் பேனையையும் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள்.

“உம்மா,” என்றாள், “‘வா’ எப்பிடி எழுதுற?”

நான் அந்தச் சீமெந்துத் தரையிலேயே உட்கார்ந்தேன். அவளை மடிக்கு இழுத்து, அவள் கையின் மேல் என் கையை வைத்து, முதலில் வட்டத்தைச் சுழிக்கத் தொடங்கினேன்.